ஃபெலிக்ஸ் பூனை பாணியில் ஒரு குட்டி கார்ட்டூன்: தாளும் மையும் போதும்

வாலைக் கழற்றிக் கொக்கியாக்கி மதில் ஏறிவிடும் பூனை ஃபெலிக்ஸ். நியூயார்க்கில் பாட் சல்லிவன் ஸ்டூடியோவில் ஓட்டோ மெஸ்மர் வரைந்த இந்தக் குறும்பன், 1919-இல் ‘ஃபெலைன் ஃபாலிஸ்’ படத்தில் அறிமுகமானபோதே இசைக்குறிகளைப் பறித்து வண்டி செய்துவிட்டான். அதே பழைய முறையில் நாமும் ஒன்று செய்யலாம்.

1. ஏ4 தாள்களைப் பாதியாக வெட்டி, 24 துண்டுகளிலும் பஞ்சிங் மெஷினால் ஓட்டை போடுங்கள். பாக்ஸ் ஃபைலின் இரட்டைக் கம்பியில் மாட்டினால் தாள் அசையாது. செல்லோடேப் ஒட்டிச் சமாளிக்கவே வேண்டாம்.

2. பென்சிலில் 1, 9, 17, 24-ஆம் படங்களை முதலில் வரைந்து, இடைப்பட்டவற்றை அப்புறம் நிரப்புங்கள். பூனை கையைப் பின்னால் கட்டி நடக்கிறது, நிற்கிறது, வால் கேள்விக்குறி ஆகிறது. அவ்வளவுதான் கதை.

3. உடம்பு முழுக்கக் கருப்பு. கோடுகோடாக வரையும் வேலை மிச்சமாகும் என்றுதான் அன்றும் அப்படிச் செய்தார்கள். மார்க்கர் வேண்டாம், அதன் கீற்றுகள் படத்துக்குப் படம் மாறி, ஓடும்போது உடம்பு நெளியும். பிரஷும் டிராயிங் இங்க்கும்தான் சரி.

4. பின்னணி. இங்கேதான் எல்லோரும் திணறுவார்கள். பூனையைக் கண்ணாடித் தாளில் வரைந்து பின்னணி மேல் வைப்பதுதானே வழக்கம்? சல்லிவன் ஸ்டூடியோவில் தலைகீழ்: பூனை தாளில், பின்னணி மேலே கண்ணாடித் தாளில். ஒரே ஓ.எச்.பி. ஷீட்டில் (ஒளி ஊடுருவும் பிளாஸ்டிக் தாள்) வீடும் மதிலும் வரைந்தால் கடைசிவரை போதும். ஆனால் மதில் கோடு பூனையின் வெள்ளை முகத்தைக் குறுக்கே வெட்டிவிடும். அதனால் முதலில் 24 படங்களையும் புரட்டி, முகம் போகும் பாதையைக் குறித்துக்கொள்ளுங்கள். அங்கே கோடே கூடாது. ஃபெலிக்ஸ் படங்களில் பின்னணி ஏன் அவ்வளவு வெறுமையாக இருக்கிறது என்று இப்போது புரியும். எனக்கு அந்த வெறுமைதான் பிடிக்கும்.

5. போட்டோக்களை வரிசையாக ஓடவிடும் ஸ்டாப் மோஷன் ஆப்பைப் போனில் திறந்து, விநாடிக்கு 16 பிரேம், அதாவது 16 போட்டோ, வையுங்கள். ஒவ்வொரு படத்தின் மேலும் பின்னணி ஷீட்டை வைத்து இரண்டு தடவை போட்டோ எடுங்கள். வால் மாறுவதற்கு முந்தைய படத்தை மட்டும் எட்டுத் தடவை. அந்த அரை விநாடி நிற்காவிட்டால் சிரிப்பு வராது.

பின்சேர்க்கை: படம் மினுக்குகிறது என்று சிலர் கேட்டிருந்தார்கள். போன் தானாக வெளிச்சத்தை மாற்றுவதுதான் காரணம். கேமராவின் எக்ஸ்போஷரை (வெளிச்ச அளவை) லாக் செய்து, ஜன்னலைச் சாத்திவிடுங்கள். ஷீட்டில் விளக்கு பளிச்சென்று பிரதிபலித்தால், மேல் விளக்கை அணைத்துவிட்டு இரண்டு பக்கமும் சாய்வாக டேபிள் லாம்ப் வைத்தால் போய்விடும்.