சிங்கப்பூர் வெயிலில் மேப்பிள்

இலை சிவக்கும் ஜப்பானிய மேப்பிள் மரத்துக்கு ஆண்டுதோறும் பல வாரக் குளிர்கால ஓய்வு தேவை. இங்கே இரவிலும் வெப்பம் 22 டிகிரிக்குக் கீழே இறங்குவது அரிது. ஓய்வே இல்லாமல் துளிர்த்துத் துளிர்த்து மரம் தான் சேமித்த சத்தைத் தீர்த்துவிடும். உரம் போட்டு இதைச் சரிசெய்ய முடியாது.

ஏற்கெனவே வாங்கிவிட்டீர்களா? கிழக்கு பார்த்த வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டுத் தாழ்வாரத்தில், காலை பத்து மணி வரை மட்டும் வெயில் படும்படி வையுங்கள். மண்கலவை 2 பங்கு, பெர்லைட் (லேசான வெள்ளைக் குருணை) 1 பங்கு, பியூமிஸ் கல் (நுண்துளையுள்ள எரிமலைக் கல்) 1 பங்கு. மேல்மண் 2 செ.மீ. காய்ந்த பிறகே தண்ணீர். ஈரம் தேங்கினால் வேர் அழுகும். தட்டில் நின்றால் கொசுவும் வரும். இலை ஓரம் கருகினால் உடனே உரம் போடாதீர்கள். பெரும்பாலும் மதிய வெயிலோ, வறண்ட காற்றோ, மண்ணில் சேர்ந்த உர உப்போதான் காரணம். தொட்டியின் அடியில் வழிந்தோடும்வரை தண்ணீர் ஊற்றி உப்பைக் கழுவுங்கள்.

சிவந்த இலைதான் ஆசை என்றால் நாட்டு வாதுமை வளருங்கள், மலாய்க்காரர்கள் கெத்தாப்பாங் என்பார்களே, அதுதான். குளிரே இல்லாமல், உதிருமுன் இலை செக்கச்செவேலென்று மாறும். தொட்டியில் போன்சாயாகவும் நன்றாக வரும்.