மின்னல் முரளியை மறுபடி பார்க்கிறீர்களா? மொழியை மாற்றி மாற்றிப் பாருங்கள்

பாசில் ஜோசப் இயக்கிய மலையாள சூப்பர்ஹீரோ படம் மின்னல் முரளி 2021 டிசம்பர் 24 அன்று நெட்ஃபிளிக்ஸில் வந்தபோதே மலையாளத்தோடு தமிழ், தெலுங்கு, கன்னடம், இந்தி, ஆங்கிலம் எல்லாம் கூடவே வந்துவிட்டன. முதல் தடவை தமிழில் பார்த்தவர்கள் இந்தத் தடவை மலையாளத்தில் ஓடவிட்டு, சில காட்சிகளுக்கு மட்டும் தமிழுக்குத் தாவிப் பாருங்கள். படத்தின் வில்லன் ஷிபுவுக்காகவே இதைச் செய்யலாம்.

ஷிபுவாக வரும் குரு சோமசுந்தரம் கூத்துப்பட்டறை நாடகக் குழுவிலிருந்து வந்தவர், ஜோக்கர் படத்தில் நாம் பார்த்த நம்ம ஊர்க்காரர். அவர் மலையாளம் பேசி நடித்திருக்கிறார். டீக்கடையில் ஊரே ஏளனம் செய்யும்போது வாய் திறக்காத அந்த ஆள், தான் காதலிக்கும் உஷாவிடம் பேச வரும்போது குரல் எப்படி ஆகிறது என்று கேளுங்கள்.

முதலில் மொழிப் பட்டியல். படம் ஓடும்போது பேச்சுக் குமிழி மாதிரி இருக்கும் ஐகானைத் தட்டினால் ஆடியோவும் சப்டைட்டிலும் வரும். வேண்டிய மொழி அங்கே இல்லையென்றால் படத்திலேயே இல்லை என்று விட்டுவிடாதீர்கள், 2025 வரை டிவியில் பெரும்பாலும் நம் செட்டிங்கை வைத்து சில மொழிகளைத்தான் காட்டியது. உங்கள் டிவியில் இன்னும் அப்படித்தான் என்றால் இதைச் செய்யுங்கள். பிரவுசரில் அக்கவுண்டுக்குள் போய், உங்கள் புரொஃபைலின் மொழிப் பகுதியில் தமிழ், மலையாளம் இரண்டையும் டிக் செய்து சேமித்துவிட்டு, டிவியில் ஆப்பை மூடித் திறங்கள்.

சத்தம்: ஒரே மொழிக்குப் பக்கத்தில் 5.1 (பல ஸ்பீக்கர் வைத்துக் கேட்பதற்கான ஒலி) என்று இன்னொன்றும் இருந்தால், டிவி ஸ்பீக்கரில் மட்டும் கேட்பவர்கள் 5.1 இல்லாததை எடுங்கள். இல்லாவிட்டால் இடி காதைப் பிளக்கும், வசனம் கேட்காது.

தமிழுக்கு மாறும்போது சப்டைட்டிலை அணைத்துவிடுங்கள். டப்பிங் வசனத்தை உதட்டசைவுக்குத் தகுந்த மாதிரி எழுதுவார்கள், சப்டைட்டில் தனியாக எழுதப்படுவது, இரண்டும் ஒத்துப்போகாமல் கவனம் சிதறும்.

சரி, எங்கே மாற்றுவது? ஹீரோ ஜெய்சன் தனக்கு என்ன சக்தி வந்திருக்கிறது என்று அக்கா பையன் ஜோஸ்மோனோடு சோதித்துப் பார்க்கும் இடங்களைத் தமிழில் வையுங்கள், வீட்டில் குழந்தைகள் இருந்தால் கண்டிப்பாக. ஷிபு, உஷா வரும் காட்சிகளை முதலில் மலையாளத்தில் முழுசாகப் பாருங்கள், அப்புறம் பத்து விநாடி பின்னால் போகும் பட்டனை நாலைந்து தடவை அழுத்தி, தமிழுக்கு மாற்றி அதே முகத்தைப் பாருங்கள். ஆடியோவை மாற்றினால் படம் நின்ற இடத்திலிருந்தே தொடரும், பயப்பட வேண்டாம். ஒரே ராத்திரியில் மின்னல் தாக்கிய இரண்டு பேருக்குமான தொடக்கக் கதை இது, வில்லனுக்கும் சரிபாதி இடம் கொடுத்திருக்கிறார்கள் என்பது இப்படிப் பார்க்கும்போதுதான் நன்றாக உறைக்கும்.

கிளைமாக்ஸ் வந்ததும் ரிமோட்டைக் கீழே வைத்துவிடுங்கள். அதை மலையாளத்திலேயே, சத்தத்தைக் கொஞ்சம் கூட்டி வைத்துப் பாருங்கள்.