அகமணம்: ‘எதற்குள்?’ என்று கேட்காததால் வரும் தவறுகள்

அகமணம் என்றதும் பலருக்கு நினைவில் வருவது மாமன் மகளைக் கட்டுவதுதான். கல்லூரிக் கட்டுரைகளிலும் பத்திரிகைப் பத்திகளிலும் “நம் ஊரில் அகமணம் அதிகம், அதனால்தான் பிறவிக் குறைபாடும் அதிகம்” என்று ஒரே மூச்சில் எழுதிவிடுகிறார்கள். அந்த ஒரு வரிக்குள் இரண்டு தனித்தனி சங்கதிகள் ஒட்டிக்கிடக்கின்றன. அவற்றைப் பிரித்தெடுத்தாலே மற்ற குழப்பங்களில் பாதி தீர்ந்துவிடும்.

ஒரு குழு தன் எல்லைக்குள்தான் பெண் கொடுக்க வேண்டும், பெண் எடுக்க வேண்டும் என்று வைத்திருக்கும் விதிதான் அகமணம். அந்தக் குழு சாதியாக இருக்கலாம், உட்சாதியாகவோ மதமாகவோ இனமாகவோ இருக்கலாம். மாப்பிள்ளையும் பெண்ணும் ஒருவருக்கொருவர் சொந்தமா இல்லையா என்பது இந்த விதிக்கு ஒரு பொருட்டே இல்லை. சொந்தத்தில் கட்டுவது உறவுமணம். அது வேறு.

இரண்டும் வேறு என்பதற்கு ஹரியானாவைப் பார்த்தால் போதும். அங்கே சொந்தக் கோத்திரத்தில் கட்டக்கூடாது, தாயின் கோத்திரத்தில் கட்டக்கூடாது, பல இடங்களில் ஒரே ஊருக்குள்ளும் கூடாது. மாமன் மகளைக் கட்டினேன் என்று அங்கே போய்ச் சொன்னால் முகம் சுளிப்பார்கள். ஆனால் சாதிக்கு வெளியே கட்டினால் அதைவிடப் பெரிய ரகளை நடக்கும். உறவுமணம் கிட்டத்தட்ட இல்லை, அகமணமோ இறுக்கமாக இருக்கிறது. கேரளத்தையும் பாருங்கள். 2019–21இல் நடந்த தேசியக் குடும்பநல ஆய்வின்படி தமிழ்நாட்டில் உறவுமணம் சுமார் 28 சதவீதம், நாடு முழுக்கச் சுமார் 11 சதவீதம், கேரளத்தில் 5 சதவீதத்துக்கும் கீழே. அதனால் கேரளத்தில் சாதி பார்த்துக் கல்யாணம் செய்வது நின்றுவிட்டது என்று யாராவது சொல்வார்களா?

இதைத் தலைகீழாகவும் பார்க்கலாம். அத்தை வேறு சாதிக்காரரைக் காதலித்துக் கட்டிக்கொண்டு போய்விட்டாள் என்று வையுங்கள். அவள் மகன் முறைப்படி மாப்பிள்ளைதான், இரத்த உறவும் குறையவில்லை. ஆனால் அவனுக்குப் பெண் கொடுக்கச் சொன்னால் வீட்டில் என்ன நடக்கும்? பெரும்பாலும் அவன் அத்தை மகன் என்ற பேச்சே எழாது. முறை இருந்தும் கல்யாணம் நடக்காது. குறுக்கே நிற்பதுதான் அகமணம்.

சரி, மருத்துவப் பக்கம்? அங்கேயும் இரண்டும் இரு வழிகளில் வேலை செய்கின்றன. அத்தை மகனும் மாமன் மகளும் சராசரியாக எட்டில் ஒரு பங்கு மரபுப்பொருளைப் பகிர்ந்துகொள்கிறார்கள். தாய்மாமனும் அக்காள் மகளும் நான்கில் ஒரு பங்கு. இருவரிடமும் ஒளிந்திருக்கும் ஒரே குறை பிள்ளையிடம் இரட்டையாகச் சேரும் வாய்ப்பு இதனால் கூடுகிறது. அகமணத்தின் விளைவு இதைவிட மெதுவானது, சொந்தத்தில் கட்டாதவர்களையும் அது விடுவதில்லை. ஒரு குழு சில காலம் மிகச் சிலராகச் சுருங்கி, பிறகு வெளியே கலக்காமலே லட்சக்கணக்கில் பெருகினால், அந்தச் சிலரிடம் இருந்த குறை எல்லாக் குடும்பங்களிலும் பரவி நிற்கும். “ஏழு தலைமுறைக்கு எங்களுக்குள் உறவே இல்லை” என்று சொல்லும் தம்பதிகூட மரபணுவில் தூரத்துச் சொந்தமாகத்தான் இருப்பார்கள். 2017இல் வெளியான ஓர் ஆய்வு தெற்காசியாவின் 260க்கும் மேற்பட்ட குழுக்களை அலசியது. அவற்றில் 81 குழுக்களில் இந்தச் சுருக்கம், இதற்குப் பேர்போன ஃபின்லாந்துக்காரர்களையும் ஐரோப்பிய வழிவந்த அஷ்கெநாசி யூதர்களையும் விடத் தீவிரமாக இருந்தது. நன்கு அறியப்பட்ட உதாரணம் ஆரிய வைசியர் சமூகம். அறுவை சிகிச்சையில் தசைகளைத் தளர்த்தக் கொடுக்கும் ஒரு மருந்தை உடைக்கும் நொதி, அவர்களில் சிலருக்கு மிகக் குறைவு. இந்தக் குறை மற்றவர்களைவிட அவர்களிடம் பல மடங்கு அதிகம். அந்த மருந்தைக் கொடுத்தால் மயக்கம் தெளிந்த பிறகும் அவர்களால் தானாக மூச்சுவிட முடியாமல் போகலாம். பெற்றோர் சொந்தமா என்று மட்டும் கேட்டால் இது பிடிபடாது.

அடுத்த தவறு, அகமணத்தையும், குழுவுக்கு வெளியேதான் கட்ட வேண்டும் என்ற விதியான புறமணத்தையும் இரவும் பகலும் போல எதிரெதிராக நிறுத்துவது. ஒரு சமூகம் அகமணச் சமூகம், இன்னொன்று புறமணச் சமூகம் என்று பிரித்து எழுதுவார்கள். இந்தச் சொற்களின் ஆங்கில மூலங்களை 1865இல் புழக்கத்துக்குக் கொண்டுவந்த ஸ்காட்லாந்து வழக்கறிஞர் மெக்லெனனே இதில் சறுக்கியவர்தான். குலத்தைப் பொறுத்துப் புறமணம், அந்தக் குலங்களைச் சூழ்ந்த குடிக்குள் அகமணம், இரண்டும் ஒரே மக்களிடம் ஒரே நேரத்தில் இருக்கும் என்று அமெரிக்கரான மார்கன் 1877இல் எடுத்துக்காட்டினார்.

நமக்கு இது மார்கன் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. கொங்கு வேளாளரில் காடை, ஆந்தை, தூரன், பயிரன் என்று கூட்டங்கள் உண்டு. ஒரே கூட்டத்தார் பங்காளிகள், அவர்களுக்குள் கல்யாணம் கிடையாது. நகரத்தாரிடம் ஒன்பது கோயில்கள். இளையாத்தங்குடி, மாத்தூர் போல உட்பிரிவுள்ள கோயில்களில் சில விலக்குகள் போக, ஒரே கோயிலைச் சேர்ந்தவர்கள் சகோதர முறை. பிராமணரிடம் கோத்திரம். கொண்டையங்கோட்டை மறவரிடம் கிளை, அதுவும் தாய்வழியாக வருவது. ஆக ஒவ்வொருவரையும் சுற்றி இரண்டு வளையங்கள் இருக்கின்றன. உள்வளையத்துக்குள் கட்டக்கூடாது, வெளிவளையத்தைத் தாண்டியும் கட்டக்கூடாது. பெண் தேடுவது இரண்டுக்கும் நடுவில் இருக்கும் இடத்தில்தான். ஒரே கல்யாணம் கூட்டத்தைப் பொறுத்துப் புறமணமாகவும் சாதியைப் பொறுத்து அகமணமாகவும் இருக்கும். அதனால்தான் ‘எதற்குள்?’ என்ற கேள்விக்குப் பதில் இல்லாமல் அகமணம் என்ற சொல்லை எழுதினால் அதற்குப் பொருளே இல்லை. சாதி அகமணம், உட்சாதி அகமணம், மத அகமணம் என்று எல்லையைச் சேர்த்தே எழுதுங்கள்.

அம்பேத்கர் இதைத்தான் பிடித்தார். 1916 மே மாதம் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் மானிடவியல் கருத்தரங்கு ஒன்றில் இந்தியச் சாதிகள் பற்றிக் கட்டுரை படித்தபோது அவருக்கு வயது 25. இந்தியாவில் அடிப்படையாக இருந்தது புறமணம், அதன் மேல் அகமணத்தை ஏற்றி வைத்ததுதான் சாதியின் உருவாக்கம் என்பது அவர் வாதம். அந்தக் கட்டுரையை ‘சாதிக்கு அகமணம்தான் காரணம்’ என்று ஒரு வரியில் சுருக்குகிறவர்கள் அதன் கூர்மையான பகுதியை விட்டுவிடுகிறார்கள். எல்லையை மூடிவிட்டால் உள்ளே ஆண், பெண் எண்ணிக்கை சமமாக இருந்தாக வேண்டும். கணவன் செத்தால் ஒரு பெண் மிஞ்சுகிறாள், மனைவி செத்தால் ஓர் ஆண் மிஞ்சுகிறான். மிஞ்சியவள் வெளியே போய்க் கட்டிக்கொண்டால் எல்லை உடையும், உள்ளேயே கட்டிக்கொண்டால் இன்னொரு பெண்ணுக்கு மாப்பிள்ளை இல்லாமல் போகும். அதற்குக் கண்ட வழிகள்தான் உடன்கட்டை, கட்டாய விதவைக்கோலம். மிஞ்சிய ஆணை எரிக்க முடியாது, துறவியாக்கினாலும் குழுவுக்கு நட்டம். ஆகவே அவனுக்கு இன்னும் பருவம் வராத சிறுமியைக் கட்டிவைத்தார்கள். குழந்தை மணத்துக்கு அவர் தரும் விளக்கம் இது.

இதிலிருந்தே இன்னொரு தவறும் புரியும். அகமண விதி ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒன்றுபோலவே இருக்கும் என்று நினைப்பதுதான் அது. நம்பூதிரிக் குடும்பங்களில் மூத்த மகன் மட்டும் நம்பூதிரிப் பெண்ணைக் கட்டினான், இளையவர்கள் நாயர் பெண்களோடு ‘சம்பந்தம்’ என்ற மணவுறவு வைத்துக்கொண்டார்கள். நம்பூதிரிப் பெண்ணுக்கோ வெளியே ஒரு வாசலும் இல்லை. மாப்பிள்ளை கிடைக்காமல் பல பெண்கள் கன்னியாகவே கிழவியானார்கள். பார்சிகளிடமும் அப்படித்தான். 1908இல் பம்பாய் உயர் நீதிமன்றத்தில் நடந்த வழக்குக்குப் பிறகு, பார்சித் தகப்பனுக்குப் பிறந்த பிள்ளைகள் பார்சிகள் என்ற நிலை நிலைத்தது. வெளியே கட்டிய பார்சித் தாயின் பிள்ளைகளுக்கு அந்த இடம் கிடைக்கவில்லை. இந்தியாவில் பார்சிகளின் எண்ணிக்கை 1941இல் ஒரு லட்சத்துக்கு மேல் இருந்தது, 2011இல் 57,264. குறைவான பிறப்பும் வெளிநாடு போனதும் இதற்குக் காரணங்கள்தான். ஆனாலும் கதவு ஒரு பக்கம் மட்டும் சாத்தியிருப்பதைக் கணக்கில் எடுக்காமல் இதைப் பேச முடியாது.

இது இந்து சமயத்துக்கு மட்டும் உரிய சங்கதி என்பதும் தவறுதான், அதை நீட்டி முழக்க வேண்டியதில்லை. கேரளத்தின் கனானாயக் கிறிஸ்தவர்கள், லெபனான் மலைகளின் துரூஸ்கள், அமெரிக்க ஆமிஷ்கள் என்று உதாரணம் நிறைய. தமிழ்நாட்டுக் கிறிஸ்தவர் வீட்டு மணமகள் தேவை விளம்பரத்தைப் படித்தாலே போதும்.

சட்டம் பற்றி எழுதும்போது கொஞ்சம் நிதானம் வேண்டும். தென்னாப்பிரிக்கா 1949 முதல் 1985 வரை வெள்ளையருக்கும் மற்றவர்களுக்கும் இடையே கல்யாணத்தைச் சட்டம் போட்டே தடுத்தது. அமெரிக்காவில் இப்படிப்பட்ட மாநிலச் சட்டங்களை அந்த நாட்டு உச்ச நீதிமன்றம் 1967இல்தான் செல்லாது என்றது. அங்கே அகமணம் அரசின் கையில் இருந்தது. சுதந்திர இந்தியாவில் நிலைமை நேர் எதிர். ஒரே கோத்திரத்தில் கட்டினாலும், ஒரே சாதியின் வெவ்வேறு உட்பிரிவுகளுக்குள் கட்டினாலும் செல்லும் என்று சுதந்திரத்துக்கு முன்பே, 1946இல், ஒரு சட்டம் வந்தது. வெவ்வேறு சாதி இந்துக்கள் கட்டினாலும் செல்லும் என்று 1949இல் இன்னொன்று. 1955ஆம் ஆண்டு இந்துத் திருமணச் சட்டத்தில் சாதி ஒரு நிபந்தனையே இல்லை. வேடிக்கை என்னவென்றால், அந்தச் சட்டம் தடுக்கும் பட்டியலில் இருப்பது நம் மாமன் மகளும் அக்காள் மகளும்தான். வழக்கம் இருந்தால் கட்டிக்கொள்ளலாம் என்ற விலக்கின் கீழ்தான் நம் முறைக் கல்யாணங்கள் செல்லுபடியாகின்றன. ஆக இங்கே சாதி அகமணத்தைக் காப்பது சட்டம் அல்ல. வீடும் ஊரும்தான்.

அப்புறம் புள்ளிவிவரம். இந்திய மனித மேம்பாட்டு ஆய்வு 2011–12இல் கேட்டபோது சுமார் 5 சதவீதப் பெண்கள்தான் கணவன் வீட்டார் வேறு சாதி என்றார்கள். ‘அப்படியானால் 95 சதவீதம் அகமணம்’ என்று எழுதுவதில் பெரிய பிசகில்லை. ஆனால் சாதி என்று கேட்டதை உட்சாதி என்று எடுத்துக்கொண்டவரும் உண்டு, பெரிய சாதிப் பெயராக எடுத்துக்கொண்டவரும் உண்டு. இன்னொன்று, ஒத்தவர்கள் கட்டிக்கொள்வது எல்லாமே அகமணம் ஆகிவிடாது. தமிழ் பேசுகிறவர் தமிழ் பேசுகிறவரையே கட்டுவதும், மருத்துவர் மருத்துவரையே கட்டுவதும் சதவீதத்தில் உயர்வாகத்தான் இருக்கும். ஆனால் மருத்துவர் ஒருவர் வங்கி ஊழியரைக் கட்டினால் யாரும் அரிவாளோடு வருவதில்லை. விதியா, வெறும் போக்கா என்று அறிய, மீறினால் என்ன நடக்கிறது என்று பார்க்க வேண்டும். 2016 மார்ச்சில் உடுமலைப்பேட்டைப் பேருந்து நிலையம் அருகே பட்டப்பகலில், சாதி மாறிக் கட்டிய சங்கரைக் கொன்றது எந்த வகை என்பதில் சந்தேகம் இல்லை. இதை ‘அவரவர் விருப்பம்’ என்றும் ‘பண்பாடு’ என்றும் எழுதுகிறவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை.

சாதி மாறிக் கட்டுவதைப் புறமணம் என்று எழுதுகிறார்களே, அதையும் விட்டுவிடுங்கள். புறமணமும் ஒரு விதிதான், வெளியேதான் கட்ட வேண்டும் என்ற விதி. சாதி தாண்டிக் கட்டுவது விதியை மீறுவது. அதற்குச் சாதி மறுப்புத் திருமணம் என்ற நல்ல சொல் நம்மிடம் இருக்கிறது. அரசு ஆவணங்களில் கலப்புத் திருமணம் என்று இருக்கும், ஆனால் இரண்டும் எப்போதும் ஒன்றாகாது. தமிழ்நாட்டில் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி பெயரிலான நிதியுதவி இரண்டு வகைக் கல்யாணங்களுக்குத்தான். ஒருவர் பட்டியல் சாதி அல்லது பழங்குடி, மற்றவர் வேறு பிரிவு. இல்லையென்றால் ஒருவர் முற்பட்ட வகுப்பு, மற்றவர் பிற்படுத்தப்பட்ட அல்லது மிகவும் பிற்படுத்தப்பட்ட வகுப்பு. பிற்படுத்தப்பட்ட பட்டியலிலேயே உள்ள இரண்டு சாதிகள் கட்டிக்கொண்டால் சொந்தக்காரர்கள் ஊரைவிட்டே துரத்தினாலும் இந்தத் திட்டத்துக்குள் அவர்கள் வரமாட்டார்கள். திட்டப் பயனாளிகளை எண்ணி, அகமணம் இவ்வளவு உடைந்தது என்று கணக்குச் சொல்லக்கூடாது.

எல்லை என்றைக்கும் ஒரே இடத்தில் நின்றதும் இல்லை. மரபணு ஆய்வுகள் காட்டுவதைப் பார்த்தால் சுமார் 4,200 ஆண்டுகளுக்கு முன்பிருந்து 1,900 ஆண்டுகளுக்கு முன்புவரை இங்கே மக்கள் பரவலாகக் கலந்திருக்கிறார்கள். அதற்குப் பிறகுதான் கதவு சாத்தப்பட்டிருக்கிறது. ஆதிகாலம் தொட்டு இப்படியே என்று எழுதுகிறவர்களுக்கு இது இடிக்கும். நம் கண் முன்னேயும் எல்லை நகர்கிறது. ஐயர்களில் வடமாவும் பிருகசரணமும் ஒரு காலத்தில் கொண்டு கொடுக்கமாட்டார்கள், இன்று ‘உட்பிரிவு தடையில்லை’ என்று சாதாரணமாக விளம்பரம் வருகிறது. இதை அகமணம் தளர்வதற்குச் சான்றாகக் காட்டுகிறார்கள். உட்சாதிச் சுவர் விழுந்தது உண்மைதான், ஆனால் சாதிச் சுவர் அதே இடத்தில் நிற்கிறது. இன்னும் ஒரு படி போய் ‘சாதி தடையில்லை’ என்று போடுபவர்களும் இருக்கிறார்கள். அந்த விளம்பரங்களை ஆய்வுக்கு எடுக்கும்போது முழு வரியையும் படியுங்கள். பலவற்றில் அடைப்புக்குறிக்குள் ‘எஸ்.சி., எஸ்.டி. நீங்கலாக’ என்று இருக்கும்.