டெல்டா வாய்க்கால் நீரைத் திரையில் ஓடவிடுதல்: பிளெண்டரில் ஒரு தொடக்கப் பயிற்சி

காவிரி டெல்டாவின் வாய்க்கால் ஒன்றை, பிளெண்டர் என்னும் முப்பரிமாண அசைவூட்ட மென்பொருளில் உருவாக்க முற்படும் புதியவர்கள், பெரும்பாலும் மலையருவியைத்தான் உருவாக்கி முடிக்கிறார்கள். டெல்டா ஏறக்குறையச் சமநிலமாக இருப்பதால் இங்கு நீர் துள்ளிக் குதிப்பதில்லை. ஆகவே, கணினியைத் திறக்குமுன் கரைக்குச் சென்று அளந்து வருவதே முதற்படி.

கரையில் 10 மீட்டர் இடைவெளியில் இரண்டு குச்சிகளை நட்டு, நடு ஓட்டத்தில் ஒரு தென்னங்குரும்பையை மிதக்கவிட்டு, அது கடக்கும் நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். திருவையாற்றை அடுத்த கிளை வாய்க்கால் ஒன்றில் எனக்கு 20 விநாடி ஆனது. மேற்பரப்பு வேகம் விநாடிக்கு 0.5 மீட்டர். அடியிலும் கரையோரத்திலும் உராய்வு இருப்பதால், சராசரி வேகம் வேண்டுமெனில் இதை 0.85ஆல் பெருக்குவது வழக்கம். பிறகு ஒரு கல்லை எறிந்து பாருங்கள். 50 செ.மீ. ஆழத்தில் அலை விநாடிக்கு 2.2 மீட்டர் வரை செல்லக்கூடும் என்பதால், வளையங்கள் நீரோட்டத்தை எதிர்த்தும் ஏறும். அப்படி ஏறும் இடத்தில் நீர் அமைதியாக ஓடுகிறது என்று பொருள்; அங்கு வெண்ணுரைக்கு வேலையில்லை.

அடுத்து, பிளெண்டரில் 8 மீட்டர் நீளமுள்ள டொமைனை, அதாவது நீரின் ஓட்டம் கணக்கிடப்படும் பெட்டியை அமைத்து, வகையை லிக்விட் (திரவம்) என மாற்றி, அதன் நீளம் எத்தனை கட்டங்களாகப் பிரியும் என்பதைக் குறிக்கும் ரெசல்யூஷனை 160 ஆக்குங்கள். ஒரு கட்டம் 5 செ.மீ. வரும். எண்ணை இரட்டித்தால் கட்டங்கள் எட்டு மடங்காகும் என்பதால், சோதனைகளை இதிலேயே முடித்துவிடுவது நல்லது. கரைகளை எஃபெக்டராகவும் (நீரைத் தடுக்கும் பொருள்), ஒரு முனையை அளந்த வேகத்தில் நீர் புகும் இன்ஃப்ளோவாகவும், மறுமுனையை நீர் வெளியேறும் அவுட்ஃப்ளோவாகவும் வையுங்கள்.

பலர் தாண்டிச் செல்லும் படி இனிதான் வருகிறது. ஒரு நீருருண்டையை 1 மீட்டர் உயரத்திலிருந்து விழவிடுங்கள். அது 0.45 விநாடியில், அதாவது விநாடிக்கு 24 சட்டகம் (ஃபிரேம்) என்ற வேகத்தில் ஏறத்தாழ 11ஆவது சட்டகத்தில், தரையைத் தொட வேண்டும். தொடவில்லையெனில் நீள அலகிலோ, காலம் ஓடும் வேகத்தைக் குறிக்கும் டைம் ஸ்கேலிலோ பிழை இருக்கிறது. அதைத் திருத்தாமல் மேலே செல்லாதீர்கள். திரையில் ஆறு பொம்மைபோலத் தெரிவதற்குப் பெரும்பாலும் இதுவே காரணம்.

மதகு மட்டும் வேறு கதை. ஷட்டருக்குப் பின்னால் நீர் 1 மீட்டர் தேங்கி நின்றால், அடியிடுக்கு வழியே அது விநாடிக்கு ஏறத்தாழ 4.4 மீட்டர் வேகத்தில் சீறி வந்து, முன்னிருக்கும் மெதுவான நீரில் மோதித் திடீரென உயர்ந்து கொந்தளிக்கும். இதற்கு நீர்த்தாவல் என்று பெயர். நுரைத் துகள்கள் இங்குதான் தேவை. அவை பிறக்கத் தேவையான இயக்க ஆற்றலின் கீழ்வரம்பை உயர்த்தினால் மற்ற இடங்களில் நுரை அடங்கிவிடும். இடுக்கு 15 செ.மீ. எனில் மூன்று கட்டங்கள் போதா. இந்தப் பகுதிக்கு மட்டும் தனி டொமைன் அமைத்து ரெசல்யூஷனை உயர்த்துங்கள்.

மேட்டூர் திறந்து புதுத் தண்ணீர் நுங்கும் நுரையுமாக வரும் காட்சி வேண்டுமானால், அந்த நுரை கொந்தளிப்பில் பிறப்பதன்று. சருகோடு சேர்ந்து மிதந்து வருவது. அதை மேற்பரப்பில் தனித் துகள்களாகப் பரப்பி, நீரின் வேகத்திலேயே நகரவிடுங்கள்.