வடசென்னையில் பறவை பார்க்கப் போகிறீர்களா? முதலில் தண்ணீரைப் பாருங்கள்

கார்த்திகை மாதம், நல்ல மழை. புழல் ஏரி நிரம்பிவிட்டது என்று செய்தி வந்த அடுத்த ஞாயிற்றுக்கிழமையே பைனாகுலரைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு கிளம்பினேன். பறவை பார்க்க ஆரம்பித்த முதல் வருடம் அது. இவ்வளவு தண்ணீர் இருக்கிறதே, பறவைகள் குவிந்திருக்கும் என்று நம்பிப் போனேன். ஒன்றரை மணி நேரம் நின்றதில் தூரத்தில் ஏழெட்டு நீர்க்காகங்கள், இரண்டு முக்குளிப்பான்கள், கரையோரக் கம்பத்தில் ஒரு வெண்மார்பு மீன்கொத்தி. அவ்வளவுதான். அதே கரைக்கு மாசி மாதம் வேறு வேலையாகப் போனபோது, தண்ணீர் உள்வாங்கி ஓரமெல்லாம் சேறாகக் கிடந்தது. அந்தச் சேற்றில் நெடுங்கால் உள்ளான்கள், நத்தை குத்தி நாரைகள், கூட்டம் கூட்டமாகக் கொக்குகள். அன்று பைனாகுலர்கூடக் கையில் இல்லை.

புதிதாக வருபவர்களிடம் நான் அதிகம் பார்க்கும் தவறு இதுதான். ஏரி நிரம்பினால் பறவையும் நிரம்பும் என்று நினைப்பது. ஒரு நீர்ப்பறவை எந்த ஆழத்தில் இரை தேடும் என்பதை அதன் கால் நீளமும் அலகு நீளமும் தீர்மானிக்கின்றன. கொசு உள்ளானுக்கு விரல் நனையும் அளவு தண்ணீர் போதும், அதற்கு மேல் ஆகாது. நெடுங்கால் உள்ளானுக்கு ஒரு சாண். நாரைகளுக்கு முழங்கால் அளவு. ஆழத்தில் பிழைக்கக்கூடியவை முங்கி மீன் பிடிக்கும் நீர்க்காகம், பாம்புத்தாரா, முக்குளிப்பான் மாதிரியான சிலதான். கரை தளும்ப நிற்கும் ஏரியில் மற்றவற்றுக்கு நிற்க இடமே கிடையாது. புழல் 1876-இல் கட்டப்பட்டு, 3,300 மில்லியன் கன அடி கொள்ளும் குடிநீர் ஏரி. அது நிறைந்திருக்கும்போது நமக்கு நல்லது, உள்ளானுக்கு நல்லதல்ல. அந்த வாரங்களில் வயல் ஓரம், காலி மனையில் தேங்கிய தண்ணீர், மணலி பக்கத்துத் தாழ்வான புல்வெளி என்று தேடிப் போனால் நிறையப் பார்க்கலாம். தை பிறந்து தண்ணீர் இறங்கத் தொடங்கியதும் ஏரிக்குத் திரும்புங்கள். வலசை வந்த வாத்துகளும் உள்ளான்களும் பங்குனி வரைக்கும் இருக்கும், அவசரமே இல்லை.

எண்ணூருக்குப் போகிறவர்கள் இதே தவறை வேறு விதமாகச் செய்கிறார்கள். அங்கே கொசஸ்தலை ஆறு கடலில் சேர்கிற முகத்துவாரத்தில் தண்ணீர் நாளுக்கு இரண்டு முறை ஏறி, இரண்டு முறை வற்றும். வற்றும்போதுதான் சேற்றுத் திட்டுகள் வெளியே வரும். புழுவும் நண்டும் தேடி உள்ளான், பவளக்காலி, பச்சைக்காலி எல்லாம் அங்கே இறங்கும். ஏறும் நேரத்தில் போனால் வெறும் தண்ணீரைத்தான் பார்த்துவிட்டு வரவேண்டும். ஒருமுறை பாலத்துக்குப் பக்கத்தில் திருதிருவென்று நின்றுகொண்டிருந்த என்னிடம் வலை உதறிக்கொண்டிருந்த ஒருவர் சொன்னார்: "தண்ணி ஏறிக்கினு இருக்குதுண்ணா, இப்ப இன்னா தெரியும்? வத்தறப்போ வாங்க." எத்தனை மணிக்கு வற்றும் என்று கேட்டதற்கு யோசிக்காமல் பதில் சொன்னார். அன்றிலிருந்து எண்ணூர் போவதற்கு முன் அலை நேர அட்டவணையைப் பார்ப்பது பழக்கமாகிவிட்டது. இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. இன்றைக்கு இருக்கிற நேரத்தோடு ஏறக்குறைய 50 நிமிடம் கூட்டிக்கொண்டால் நாளைய நேரம். அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய நாட்களில் தண்ணீர் அதிகமாக ஏறி அதிகமாக வற்றும். சென்னைக் கடலில் இந்த ஏற்ற இறக்கம் ஒரு மீட்டர் அளவுதான். ஆனால் முகத்துவாரம் தட்டையான இடம் என்பதால் அரை அடி இறங்கினாலே பெரிய பரப்பு வெளியே வந்துவிடும்.

சேறு வெளியே வந்துவிட்டது என்பதற்காக அதில் இறங்கி நடக்க வேண்டாம். அனல்மின் நிலையச் சாம்பல் படிந்த இடங்களில் மேல்பரப்பு காய்ந்த மாதிரித் தெரியும், கால் வைத்தால் முழங்கால் வரை இறங்கும். துறைமுகம், மின் நிலையம் பக்கம் பெரிய லென்ஸோடு திரிந்தால் காவலர்கள் கேள்வி கேட்பார்கள், அது அவர்கள் வேலை. முன்பே கேட்டுக்கொண்டு பொதுச் சாலையில் இருந்து பாருங்கள்.

வெளிச்சத்தைப் பற்றி யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை, நானாகத் தடுமாறிக் கற்றுக்கொண்டேன். நம் பக்கத்து நிலம் மேற்கே உயர்ந்து கிழக்கே கடலை நோக்கிச் சரிகிறது. அதனால் பெரும்பாலான ஏரிகளில் மண் கரையைக் கிழக்குப் பக்கத்தில் கட்டியிருப்பார்கள். காலையில் கரைமேல் நின்று மேற்கே தண்ணீரைப் பார்த்தால் சூரியன் நம் முதுகுக்குப் பின்னால் இருக்கும், இறகின் நிறம் பளிச்சென்று தெரியும். மாலையில் அதே இடத்தில் நின்றால் எல்லாப் பறவையும் கருப்பு நிழல்தான். எண்ணூரில் கதை தலைகீழ். மேற்குப் பக்கத்தில் நின்று கடலைப் பார்க்கிறோம், அதனால் மாலை நல்லது. "காலை ஆறு மணிக்கே போ" என்ற அறிவுரை எல்லா இடத்துக்கும் பொருந்தாது. ஒரே நிழலை அரை மணி நேரம் பார்த்துக் கண் வலிக்க வீடு திரும்பியவர்கள் இதைக் கவனித்தால் நல்லது.

எல்லாம் கொக்கு இல்லை

ஏரிக்கரையில் வெள்ளையாக ஒன்று நின்றால் "கொக்கு" என்று சொல்லிவிட்டு நகர்கிறோம். கொஞ்சம் நின்று பார்த்தால் அங்கேயே நான்கு வகை இருக்கும். கருப்பு அலகு, கருப்புக் கால், ஆனால் பாதம் மட்டும் மஞ்சள் செருப்புப் போட்ட மாதிரி இருந்தால் அது சின்னக் கொக்கு. மாட்டுக்குப் பின்னாலேயே நடப்பது உண்ணிக்கொக்கு. அலகு மஞ்சள், இனப்பெருக்கக் காலத்தில் தலையும் கழுத்தும் ஆரஞ்சாகிவிடும். பெரிய கொக்கையும் நடுத்தரக் கொக்கையும் பிரிப்பதில்தான் பலரும் தவறுகிறார்கள், ஏனென்றால் அலகு நிறத்தை நம்புகிறார்கள். இரண்டுக்கும் அலகு சாதாரண நாளில் மஞ்சள், கூடு கட்டும் காலத்தில் கருப்பு. நிறத்தை விட்டுவிட்டு வாய்க்கோட்டை, அதாவது வாய்ப் பிளவு முகத்தில் பின்னோக்கி நீளும் கோட்டைப் பாருங்கள். கோடு கண்ணைத் தாண்டிப் பின்னால் போனால் பெரிய கொக்கு, கண்ணுக்குக் கீழேயே நின்றுவிட்டால் நடுத்தரம். மடையான் இதில் ஐந்தாவது. சேற்றில் உட்கார்ந்திருக்கும்போது பழுப்பாக இருக்கும், மிதிக்கப் போகிற தூரத்தில்தான் கண்ணுக்குத் தெரியும், எழுந்து பறந்தால் பளீரென்று வெள்ளை. அது ஒரு பறவை, இது வேறு பறவை என்று குறிப்பேட்டில் இரண்டாக எழுதியவர்களை எனக்குத் தெரியும்.

பறக்கும்போது இன்னும் சுலபம். கொக்கு கழுத்தை மடித்துக்கொண்டு பறக்கும். நத்தை குத்தி நாரை, மஞ்சள் மூக்கு நாரை, பூநாரை, அரிவாள் மூக்கன் எல்லாம் கழுத்தை நீட்டிக்கொண்டு பறக்கும்.

இன்னொரு பெயர்க் குழப்பம் எனக்கு மனவருத்தமே தரும். வால் பக்கம் இளஞ்சிவப்பு தெரியும் மஞ்சள் மூக்கு நாரையைப் பலரும் "செங்கால் நாரை" என்கிறார்கள். செங்கால் நாரைக்குக் காலும் சிவப்பு, அலகும் சிவப்பு. சத்திமுத்தப் புலவர் அந்த அலகைப் பிளந்த பனங்கிழங்குக்கும் பவளத்துக்கும் ஒப்பிட்டுப் பாடியிருக்கிறார். களக்கையேடு எழுதுகிறவர்கூட இவ்வளவு துல்லியமாகச் சொல்ல முடியாது. அந்தப் பறவை குளிர்காலத்தில் எப்போதாவதுதான் நம் பக்கம் வரும். நம் ஏரிகளில் அடிக்கடி பார்ப்பது மஞ்சள் மூக்குதான், அதன் பெயரிலேயே அடையாளம் இருக்கிறது.

தண்ணீரை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்புவது

ஏரிக்குப் போனவர்கள் முதுகைத் திருப்பி மரங்களைப் பார்ப்பதே இல்லை. கரைமேல் நிற்கும் கருவேலம், பனை, ஆல், அரசு எல்லாமே தனித்தனி உலகம். அதிலும் உச்சி முறிந்த மொட்டைப் பனையை யாரும் மதிப்பதில்லை, பட்ட மரம் என்று வெட்டிவிடுகிறார்கள். அந்தப் பொந்தில்தான் பச்சைக்கிளி, மைனா, பனங்காடை, புள்ளி ஆந்தை குடியிருக்கின்றன. உயிரோடிருக்கும் பனையின் ஓலை அடியில் பனை உழவாரன் கூடு ஒட்டியிருக்கும். ஐந்து நிமிடம் நின்று தலைக்கு மேலே பாருங்கள், வளைந்த இறக்கையோடு ஓலைக்குள் நுழைந்து வெளியே வரும்.

மரங்களுக்கு நடுவே செய்யும் தவறு வேகமாக நடப்பது. மாதவரம் பால் பண்ணைப் பக்கம் போல் பழைய மரங்கள் நிற்கும் இடத்தில் இரண்டு கிலோமீட்டர் நடப்பதைவிட, பழுத்திருக்கும் ஒரு ஆலமரத்தடியில் அரை மணி நேரம் உட்கார்வது மேல். செம்மார்புக் குக்குறுவான், குயில், கொண்டைக்குருவி, மாங்குயில் எல்லாம் நம்மைத் தேடி வரும். உடம்பெல்லாம் புள்ளியும் பட்டையுமாக ஒரு பறவை வந்து பழம் தின்றால் புதுப் பறவை என்று குதிக்க வேண்டாம், அது பெண் குயில். ஆண்தான் கருப்பு.

கைபேசியில் குரலைக் கேட்டுப் பெயர் சொல்லும் மெர்லின் போன்ற செயலிகள் நல்ல துணை, நானும் பயன்படுத்துகிறேன். அது காட்டும் பெயரைக் கண்ணால் பார்க்காமல் எழுதுவதுதான் தவறு. கரிச்சான் வல்லூறு மாதிரியே கத்தும். சுற்றியுள்ள பறவைகள் பயந்து ஓடும், செயலியும் ஏமாறும்.

அதே கைபேசியில் பறவைக் குரலைப் போட்டு அழைக்கிற வழக்கத்தைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள். குரல் கேட்டதும் தன் எல்லைக்குள் எதிரி வந்துவிட்டதாக நினைத்து இரை தேடுவதையும் கூட்டையும் விட்டுவிட்டு அது ஓடிவருகிறது. உங்களுக்குப் படம் கிடைக்கும், குஞ்சுக்கு அந்த நேரத்து இரை கிடைக்காது.

கூடு விஷயத்தில் நான் கொஞ்சம் கடுமையாகவே பேசுவேன். பங்குனி முதல் ஆடி வரை ஏரியின் காய்ந்த தரையிலும் உப்பளப் பாத்தி ஓரத்திலும் ஆள்காட்டியும் நெடுங்கால் உள்ளானும் வெறுந்தரையில் முட்டையிடும். முட்டை கூழாங்கல் மாதிரியே இருக்கும். தலைக்கு மேல் ஒரு ஆள்காட்டி விடாமல் கத்திக்கொண்டு சுற்றினால், நீங்கள் முட்டைக்குப் பக்கத்தில் நிற்கிறீர்கள் என்று பொருள். தேடாதீர்கள். வந்த வழியிலேயே, கால் வைத்த இடத்தில் கால் வைத்துத் திரும்புங்கள். சித்திரை வெயிலில் தாய் எழுந்து போனால் முட்டை வெந்துவிடும். அந்தச் சூட்டைத் தணிக்க ஆள்காட்டி தண்ணீரில் போய் வயிற்று இறகை நனைத்து வந்து முட்டைமேல் உட்காரும். அவ்வளவு பாடுபடுகிற பறவையை ஒரு படத்துக்காகப் பத்து நிமிடம் விரட்டி நிறுத்துவது அநியாயம்.

பழவேற்காட்டில் பூநாரைக்கு நடப்பதும் இதுதான். பறக்கும் படம் வேண்டும் என்று படகைக் கூட்டத்துக்கு நேராக விடச் சொல்கிறார்கள். பூநாரை தண்ணீர்மேல் ஓடித்தான் எழ முடியும், ஒவ்வொரு முறையும் அதற்கு நிறையத் தெம்பு செலவாகிறது. படகுக்காரர் அண்ணனிடம் "தூரத்திலேயே நிறுத்துங்கண்ணா" என்று நீங்களே முதலில் சொல்லிவிட்டால் அவர் கேட்பார். கூட்டத்தில் சாம்பல் வெள்ளையாக நிற்பவை வேறு பறவையல்ல, இளம் பூநாரைகள். இரையிலிருந்துதான் அந்தச் சிவப்பு ஏறும், அதற்குச் சில வருடங்கள் ஆகும். அப்புறம், அங்கே மீனவர்கள் பாடு முறைப்படி இடம் பிரித்து வலை கட்டுகிறார்கள். வலைக்கு மேல் படகை விடச் சொல்லாதீர்கள்.

ஐப்பசி வாக்கில் இன்னொன்று நடக்கும். மாடி வீட்டுக் கண்ணாடியில் மோதி, பல வண்ணத்தில் ஒரு குட்டைவால் பறவை வாசலில் விழுந்து கிடக்கும். அது ஆறுமணிக்குருவி. இமயமலை அடிவாரத்திலிருந்தும் மத்திய இந்தியாவிலிருந்தும் இரவில் பறந்து வந்து களைத்துப்போனது. வாயைப் பிளந்து தண்ணீர் ஊற்றுவதும், கையில் வைத்துப் படம் எடுப்பதும்தான் வழக்கமாக நடக்கும் தவறு. காற்றுத் துளை போட்ட அட்டைப்பெட்டியில் வைத்து, மூடி, சத்தமில்லாத இடத்தில் ஒன்றிரண்டு மணி நேரம் விடுங்கள். தெளிந்துவிட்டால் மரங்கள் உள்ள இடத்தில் திறந்துவிடலாம், இல்லையென்றால் வனத்துறைக்குச் சொல்லுங்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலுக்குப் பின் எண்ணூரில் எண்ணெய் படர்ந்து கூழைக்கடாக்கள் கறுத்துப் போனபோதும் இதே பேச்சு வந்தது, பிடித்துச் சோப்புப் போட்டுக் கழுவலாமா என்று. கூடாது. துரத்தினாலே பாதி உயிர் போய்விடும், கழுவுவது பயிற்சி பெற்றவர்கள் செய்யும் வேலை.

கடைசியாகக் குறிப்பேடு. பெயர்களை மட்டும் எழுதிவிட்டு எண்ணிக்கையை விட்டுவிடுகிறார்கள். "நாமக்கோழி" என்ற சொல்லை வைத்து எதுவும் தெரிந்துகொள்ள முடியாது, "நாமக்கோழி 140" என்றால் அடுத்த வருடம் ஒப்பிடலாம். 2015 முதல் பொங்கல் விடுமுறை நான்கு நாட்களும் தமிழ்நாடு முழுக்கப் பறவைக் கணக்கெடுப்பு நடக்கிறது. 15 நிமிடம் பார்த்து, பார்த்த பறவைகளை எண்ணி ஈபேர்டு தளத்தில் பதிந்தால் போதும், யாரும் சேரலாம். காக்கையும் மைனாவும் கணக்கில் உண்டு. கூடு இருக்கிற இடத்தை மட்டும் எங்கேயும் பொதுவில் எழுத வேண்டாம்.

என் குறிப்பேட்டில் தேதிக்குக் கீழே வரும் முதல் வரி பறவையைப் பற்றியது அல்ல. மதகுப் படிக்கட்டில் எத்தனை படி தண்ணீருக்கு வெளியே தெரிகிறது என்பதைத்தான் முதலில் எழுதுகிறேன். போன தை மாதம் நான்கு படி தெரிந்த அன்றுதான் ஊசிவால் வாத்துகள் ஓரத்துக்கு வந்திருந்தன.