தர்பார் படச்சுருளைப் பார்க்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

1911 டிசம்பர் 12 அன்று தில்லியில் பிரிட்டிஷ் அரசர் ஐந்தாம் ஜார்ஜின் முடிசூட்டைக் கொண்டாட நடந்த அரசவை விழாவான தர்பாரை, படத் தயாரிப்பாளர் சார்லஸ் அர்பனின் ஆட்கள் கினிமாகலர் என்ற தொடக்ககால வண்ணப்பட முறையில் எடுத்தார்கள். ஏறத்தாழ இரண்டரை மணி நேரப் படம். இன்று மிஞ்சியிருப்பது சில துண்டுகள்தான். அவற்றில் படைகளின் அணிவகுப்பைக் காட்டும் சுருள் ரஷ்யாவின் கிராஸ்னோகோர்ஸ்க் காப்பகத்தில் 2000-இல் கிடைத்தது.

இதைப் பற்றி எழுதுகிறவர்கள் முதலில் சறுக்குவது நிறத்தில். 'கையால் வண்ணம் தீட்டிய படம்' என்று எழுதிவிடுகிறார்கள். பிலிமில் நிறமே கிடையாது, வெறும் கறுப்பு வெள்ளை. சுழலும் ஃபில்டர் வழியாக ஒரு ஃபிரேம் சிவப்பிலும் அடுத்தது பச்சையிலுமாகப் பதிவாகும். திரையிடும்போதும் அப்படியே ஃபில்டர் சுழல, கலக்கும் வேலையை நம் கண் பார்த்துக்கொள்ளும். அதனால் கறுப்பு வெள்ளையாக இருக்கிறதே என்று சுருளைச் சாதாரணப் படங்களோடு சேர்த்துவிடாதீர்கள். அடுத்தடுத்த இரண்டு ஃபிரேம்களை ஒப்பிடுங்கள். சிப்பாயின் சிவப்புச் சட்டை ஒன்றில் வெளிறியும் மற்றதில் கறுத்தும் இருந்தால் அது கினிமாகலராக இருக்க வாய்ப்புண்டு.

குதிரை விரைந்து போகும்போது திரையில் அதன் விளிம்பில் சிவப்பும் பச்சையும் பிதுங்கும். பிலிம் கெட்டுவிட்டது என்று பதறவேண்டாம். இரண்டு ஃபிரேம்களுக்கும் இடையில் குதிரை நகர்ந்துவிட்டது, அவ்வளவுதான். நீலத்தை மட்டும் நம்பாதீர்கள். இரண்டே நிறங்களில் அது சரியாக வராது.

அப்புறம் வேகம். கினிமாகலர் நொடிக்கு சுமார் 32 ஃபிரேம். அதை இன்று வழக்கமான 24-இல் ஓட்டினால் படைவீரர்கள் தண்ணீருக்குள் நடப்பதுபோல் தெரிவார்கள். நொடிக்கு 16 ஃபிரேம் அளவில் எடுத்த மற்ற பழைய படங்களை அதே 24-இல் ஓட்டினால் துள்ளி ஓடுவார்கள். 'அந்தக் காலத்துப் படம் அப்படித்தான்' என்பது சோம்பேறிப் பதில்.

1903 தர்பாரையும் இதையும் குழப்புவதும் உண்டு. அது அன்றைய வைஸ்ராய் கர்சன் நடத்தியது. அப்போதைய அரசர் ஏழாம் எட்வர்ட் வரவில்லை, தம் தம்பி கன்னாட் கோமகனை அனுப்பினார்.

கடைசியாக, இதேபோலத் தவறாகப் புரிந்துகொள்ளப்படும் இன்னொரு அரச விழாப் படம்: 1902-இல் ஏழாம் எட்வர்டின் முடிசூட்டு விழாப் படம். லண்டனின் வெஸ்ட்மின்ஸ்டர் அபே தேவாலயத்துக்குள்ளே நடக்கும் சடங்கை பிரெஞ்சு இயக்குநர் மெலியே பிரான்சில் செட் போட்டு, நடிகர்களை வைத்து எடுத்தார். அரசருக்கு உடம்பு சரியில்லாமல் ஜூன் விழா ஆகஸ்ட் 9-க்குத் தள்ளிப்போனதால், படம் விழாவை முந்திக்கொண்டது! இதை நேரில் எடுத்ததாகக் காட்டுவது தவறு. மொத்தமும் போலி என்று ஒதுக்குவதும் தவறு: விழாவன்று போன வண்டிகளை உண்மையாகவே எடுத்து அதோடு ஒட்டியிருந்தார்கள்.