சாத்தே குச்சியும் அட்டையும் போதும்: ஆண்டிகித்தெரா நிலாச் சக்கரங்களை வீட்டிலேயே செய்யலாம்

1901இல் கிரேக்கத்தின் ஆண்டிகித்தெரா தீவுக்கு அருகே மூழ்கிக் கிடந்த கப்பலிலிருந்து ஒரு வெண்கலக் கட்டியை எடுத்தார்கள். சூரியனும் நிலாவும் வானில் எங்கே இருக்கும் என்று பற்சக்கரங்களால் காட்டிய பழங்காலக் கிரேக்கக் கருவி அது. இன்று அது 82 துண்டுகள், அவற்றில் 30 பற்சக்கரங்கள் மிஞ்சியிருக்கின்றன, ஏதென்ஸ் தேசியத் தொல்பொருள் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. முழு இயந்திரத்தையும் செய்யப் போகாதீர்கள், பாதியில் விட்டுவிடுவீர்கள். நிலாவை ஓட்டும் ஆறு சக்கரங்களை மட்டும் செய்யுங்கள். அந்தக் கருவியின் அழகெல்லாம் அங்கேதான் இருக்கிறது.

கணக்கு இதுதான். 19 ஆண்டுகளில் நிலா வானத்தை 254 முறை சுற்றுகிறது. அதில் சூரியனின் 19 சுற்றைக் கழித்தால், அமாவாசைக்கு அமாவாசை எண்ணும் 235 மாதம். சூரிய முள் 19 சுற்று சுற்றினால் நிலா முள் 254 சுற்று சுற்ற வேண்டும். 254ஐ உடைத்தால் 2, 127. 127 பகா எண், அதற்கு மேல் உடையாது, அதனால்தான் அந்தக் கைவினைஞர் 127 பற்களை ஒவ்வொன்றாக அராவ வேண்டியிருந்தது! இதை நினைத்தாலே எனக்குச் சிலிர்க்கிறது.

சக்கரங்கள்: சூரிய முள் இருக்கும் 64 பல் சக்கரம் 38ஐத் தள்ளும், 38உடன் ஒட்டிய 48 சக்கரம் 24ஐத் தள்ளும், 24உடன் ஒட்டிய 127 சக்கரம் நிலா முள் இருக்கும் 32ஐத் தள்ளும்.

இரண்டு மில்லிமீட்டர் சாம்பல் அட்டை சிங்கப்பூரில் பிராஸ் பாசா பக்கம் கிடைக்கும். அச்சுக்குச் சாத்தே குச்சி (இறைச்சி கோத்துச் சுடும் மூங்கில் குச்சி), இடைவெளிக்கு ஸ்ட்ரா துண்டுகள். இங்க்ஸ்கேப் மென்பொருளில் பற்சக்கரம் வரையும் வசதி இருக்கிறது, பல்லுக்குப் பல் இடைவெளி 4.71 மி.மீ. என்று கொடுங்கள். அப்போது 127 பல் சக்கரத்தின் குறுக்களவு 190.5 மி.மீ., ஏ4 தாளில் அடங்கிவிடும். அச்சிட்டு அட்டையில் ஒட்டி, வெட்டும் முன்பே இரண்டு பக்கமும் வார்னிஷ் அடித்துக் காய வையுங்கள். நம்ம ஊர் ஈரப்பதத்தில் வெறும் அட்டை ஊதிப்போய்ப் பல் சிக்கும், என் முதல் செட் அப்படித்தான் வீணாயிற்று.

மொத்தம் 333 பல். அவசரப்பட வேண்டாம், இரண்டு மூன்று மாலை ஆகட்டும். பல்லின் வளைவு துல்லியமாக வரவில்லையே என்று கவலைப்படாதீர்கள், மூலக் கருவியிலேயே பற்கள் வெறும் முக்கோணம்தான்.

அப்புறம் பலகை. 35 செ.மீ. நீளம், 20 செ.மீ. அகலம். நான்கு அச்சுகளையும் ஒரே நேர்கோட்டில் வையுங்கள்: 76.5, 54, 119.25 மி.மீ. இடைவெளி, ஒவ்வொன்றிலும் அரை மில்லிமீட்டர் கூட்டிக்கொள்ளுங்கள், இல்லையென்றால் பற்கள் இறுகிவிடும். முதல் அடுக்கில் 64ம் 38ம், இரண்டாவதில் 48ம் 24ம், மேலே 127ம் 32ம். இதில் பலர் தடுமாறும் இடம் ஒன்று உண்டு: 127 பல் சக்கரம் இரண்டாவது அச்சின் மேல்தான் சுற்றும், அதனால் அந்தக் குச்சியை இரண்டாம் அடுக்கோடு வெட்டிவிட வேண்டும்.

சூரியப் பக்கம் சுழற்றினால் 13 மடங்கு வேகம் கூடுவதால் கனமாக இருக்கும், சிக்கினால் பலவந்தம் செய்யாதீர்கள். நிலாப் பக்கம் மெதுவாகச் சுழற்றிப் பாருங்கள், லேசாக ஓடும், எந்தப் பல் உரசுகிறது என்றும் தெரிந்துவிடும். நிலா எதிர்த்திசையில் போகும், இன்னொரு 32 பல் சக்கரத்தைப் பக்கத்தில் கோத்து முள்ளை அதற்கு மாற்றினால் சரியாகிவிடும்.

சோதிக்கத் தீபாவளியை எடுத்துக்கொள்ளுங்கள், அமாவாசையை ஒட்டி வருவது. சிங்கப்பூரில் 2005இல் நவம்பர் 1, 2024இல் அக்டோபர் 31. நடுவில் சரியாக 19 ஆண்டு, வித்தியாசம் ஒரே நாள். அமாவாசையில் இருப்பதுபோல் இரண்டு முள்ளையும் ஒரே திசையில் நிறுத்தி, அதை 2005 என்று வைத்துக்கொண்டு, சூரிய முள்ளை 19 சுற்று சுற்றுங்கள். இரண்டும் மறுபடி கிளம்பிய இடத்திலேயே வந்து சேரும்.